தீவகம்: நன்னீரும் துறையும்
(யாழ்ப்பாணக் குடாநாட்டு வரலாறு – 9)

முந்தைய அத்தியாயங்களில் வலிகாமம், வடமராட்சி, தென்மராட்சி ஆகிய பகுதிகளின் நில அமைப்பும் குடியேற்ற வரலாறும் ஆராயப்பட்டன. அப்பகுதிகளின் வரலாற்றைச் செம்மண் தோட்டத்தையும் வயல்வெளியையும் கோயிலையும் நடுவாக வைத்து எழுத முடிந்தது. குடாநாட்டின் மேற்கிலும் தென்மேற்கிலும் ஆழங்குறைந்த கடலில் சிதறிக் கிடக்கும் தீவுகளின் கூட்டமாகிய தீவகத்தின் வரலாற்றை அவ்வாறு எழுத இயலாது. அங்கே எத்தனை பேர் வாழலாம் என்பதை நிலத்தடியில் தேங்கும் நன்னீரும், அவர்கள் எப்படி வாழலாம் என்பதைக் கடலைத் திறந்துவிடும் துறைகளும் தீர்மானித்து வந்துள்ளன. ஊரைவிட்டுப் புறப்படுவது அம்மக்களுக்குப் புதிய வழக்கமன்று. ஊரை வாழவைப்பதற்காகவே அவர்கள் பல தலைமுறைகளாகப் புறப்பட்டனர். அண்மைக் காலத்தில் அறுந்துபோனது அவர்களின் திரும்பி வருகையே என்பதை எடுத்துக்காட்டுவது இவ்வத்தியாயத்தின் நோக்கமாகும்.

தீவுகளும் அவற்றின் பெயர்களும்

தீவகத்தில் இன்று மக்கள் வாழும் தீவுகள் மண்டைதீவு, வேலணைத்தீவு, காரைநகர், புங்குடுதீவு, நயினாதீவு, அனலைதீவு, எழுவைதீவு, நெடுந்தீவு என எட்டாகும். இவற்றை ஏழாகக் கணக்கிட்டுச் சப்த தீவுகள் என வழங்கும் மரபும் உண்டு. ஊர்காவற்றுறை, கரம்பொன், நாரந்தனை, சரவணை, வேலணை, அல்லைப்பிட்டி முதலிய ஊர்கள் அனைத்தும் வேலணைத்தீவிலேயே அடங்குகின்றன. நிருவாக முறையில் தீவகம் காரைநகர், ஊர்காவற்றுறை, வேலணை, நெடுந்தீவு என நான்கு பிரதேச செயலகப் பிரிவுகளாக வகுக்கப்பட்டுள்ளது. அனலைதீவும் எழுவைதீவும் ஊர்காவற்றுறைப் பிரிவிலும், புங்குடுதீவும் நயினாதீவும் மண்டைதீவும் வேலணைப் பிரிவிலும் அடங்க, குடியிருப்பற்ற கச்சதீவு நெடுந்தீவுப் பிரிவைச் சேர்ந்ததாக உள்ளது.

ஒல்லாந்தர் 1658இல் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றியபின் இத்தீவுகளுக்குத் தம் தாய்நாட்டு நகரங்களின் பெயர்களைச் சூட்டினர். வேலணைத்தீவு லெய்டன் எனவும், காரைதீவு என்றும் வழங்கிய காரைநகர் அம்ஸ்டர்டாம் எனவும், புங்குடுதீவு மிடில்பேர்க் எனவும், அனலைதீவு ரொட்டர்டாம் எனவும், நயினாதீவு ஹார்லெம் எனவும், நெடுந்தீவு டெல்வ்ட் எனவும் அவர்களது வரைபடங்களில் இடம்பெற்றன. அக்காலத்தில் யாழ்ப்பாணத்தில் பணியாற்றி, 1672இல் வெளியான தம் நூலில் இந்நாட்டை விவரித்த பால்தேயு பாதிரியாரும் இப்பெயர்களைக் குறித்துள்ளார். அவற்றுள் டெல்வ்ட் என்னும் பெயர் மட்டுமே ஆங்கில வழக்கில் நிலைத்தது. ஊர்காவற்றுறையின் ஆங்கிலப் பெயராகிய கயிற்ஸ், கப்பல் அணையும் மேடையைக் குறிக்கும் போர்த்துக்கேயச் சொல்லிலிருந்து வந்தது. ஆகவே வேற்று மொழியினர் இட்டுச் சென்ற பெயரும் அவ்விடத்தைத் துறையென்றே அடையாளங் காட்டிற்று.

சுண்ணக்கல்லும் நன்னீர் வில்லையும்

குடாநாட்டைப் போலவே தீவுகளும் மயோசீன் காலத்துச் சுண்ணக்கல்லின்மேல் அமைந்தவை. மலையோ ஆறோ அங்கு இல்லை. வடகீழ்ப் பருவக்காற்று கொண்டுவரும் மழையின் பெரும்பங்கு ஐப்பசி முதல் மார்கழி வரையான குறுகிய காலத்தில் பொழிந்து, கல்லின் வெடிப்புகள் வழியே நிலத்தடிக்கு இறங்குகிறது. அங்கே சுற்றிலுமிருந்து ஊறி நிற்கும் கடல்நீர் நன்னீரைவிடக் கனமானது என்பதால், மழைநீர் அதன்மேல் நடுவில் தடித்தும் ஓரங்களில் மெலிந்தும் ஒரு கண்ணாடி வில்லையின் வடிவில் மிதக்கிறது. இதனையே நிலநீரியலார் நன்னீர் வில்லை என்பர். கடல்மட்டத்துக்கு மேலே ஓரடி உயரத்துக்கு நன்னீர் நின்றால் அதன் கீழே ஏறத்தாழ நாற்பதடி ஆழத்துக்கு நன்னீர் தாங்கப்படும் என்பது அவர்களின் பொதுவிதி. மேல்மட்டம் ஓரடி தாழுமளவுக்கு நீரை இறைத்தால் அடியிலிருந்து உவர்நீர் பன்மடங்கு மேலேறும் என்பது அவ்விதியின் மறுபக்கமாகும். தீவு சிறியதாயின் வில்லையும் சிறியது. ஆதலால் சிறு தீவுகளின் கிணறுகள் மாசி, பங்குனிக்குப் பின் உவர்க்கத் தொடங்குகின்றன.

இவ்வியல்பை எந்த விதியின் துணையுமின்றி அறிந்திருந்த தீவக மக்கள், ஆழத் தோண்டாமல் அகலத் தோண்டும் முறையைக் கைக்கொண்டனர். மணற்பாங்கான இடங்களில் முழங்காலளவோ இடுப்பளவோ குழி தோண்டி, ஊறிவரும் நீரைக் கலங்காமல் சிரட்டையாலோ கிண்ணத்தாலோ அள்ளிக் குடத்தில் சேர்ப்பர். இவ்வகைக் குழி பூவல் எனப்படும். ஒரு குடம் நிறைந்தபின் நீர் மீண்டும் ஊறும்வரை காத்திருக்க வேண்டும். அவசரப்பட்டு அடியைக் கிளறினால் வருவது உவர்நீரே. கால்நடைகளுக்கும் குளிப்பதற்கும் கேணியும் துரவும் வெட்டப்பட்டன. வயல்களுக்கு வரம்பு உயர்த்தி மழைநீரைத் தேக்கினர். வேலணைத்தீவின் சாட்டிப் பகுதியில் மணலின் கீழ் நல்ல நீர் கிடைத்ததால் அயலூர்களும் அதனை நம்பியிருந்தன. நல்ல தண்ணீருள்ள வீட்டில் பெண் கொடுப்பது தீவக வாழ்வில் சிறு பொருளன்று. கோடையில் ஒரு குடத்துக்காக ஒரு கல் தொலைவு நடப்பவள் அவ்வீட்டின் பெண்ணே.

நீர் அரிதானபோது அதன் பங்கீடு சமூக ஏற்றத்தாழ்வின் அளவுகோலாகவும் ஆயிற்று. நன்னீர்க் கிணறுகளில் தாழ்த்தப்பட்டோர் தாமே அள்ளும் உரிமை நெடுங்காலம் மறுக்கப்பட்டிருந்தது. யாரேனும் வந்து அள்ளி ஊற்றும்வரை அவர்கள் வெறுங்குடத்துடன் காத்து நின்றனர். புங்குடுதீவைச் சேர்ந்த எழுத்தாளரும் சிந்தனையாளருமான மு. தளையசிங்கம் 1970களின் தொடக்கத்தில் தம் ஊரில் இவ்வுரிமைக்காகச் சத்தியாக்கிரக வழியில் போராடித் தாக்குதலுக்கும் சிறைக்கும் ஆளானார். 1973இல், நாற்பது வயது நிறையுமுன்னரே, அவர் மறைந்தார். தீவகத்தின் நீரைப் பற்றி எழுதும் எவ்வரலாறும் நிலத்தடியின் அமைப்போடு கிணற்றடியின் இந்நியாயப் போராட்டத்தையும் சேர்த்தே எழுதக் கடமைப்பட்டது.

ஊராத்துறையின் சட்டம்

நிலம் கொடுக்காததைக் கடல் கொடுத்தது. பாக்குநீரிணை வழியாகச் சென்ற மரக்கலங்களுக்குத் தீவுகளின் இடைக்கடல் காற்றொதுக்கான தங்குமிடமாயிற்று. அல்லைப்பிட்டியில் 1977இல் நடந்த அகழாய்வில் சீனத்துச் சொங் அரசமரபுக் காலத்து மட்கலங்களின் உடைவுகள் பெருந்தொகையாகக் கிடைத்தன. பதினோராம், பன்னிரண்டாம் நூற்றாண்டுகளில் சீனக் கடலையும் அரபுக் கடலையும் இணைத்த வணிகப் பாதையில் இச்சிற்றூரும் ஒரு கண்ணியாக இருந்தமைக்கு அது சான்றாகும்.

இதற்கு எழுத்துச் சான்றாக நிற்பது நயினாதீவில் உள்ள முதலாம் பராக்கிரமபாகுவின் கல்வெட்டு. பன்னிரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்த அந்தச் சிங்கள மன்னன் அதனைத் தமிழில் பொறிப்பித்தான் என்பது அக்காலத் துறைமுகத்தில் எம்மொழி வழங்கியது என்பதைத் தெளிவாக்குகிறது. பிறநாட்டு வணிகர் ஊராத்துறையில், அதாவது இன்றைய ஊர்காவற்றுறையில், வந்து இறங்க வேண்டும் எனவும், அவர்களுக்குப் பாதுகாப்பு அளிக்கப்படும் எனவும் அது கூறுகிறது. யானையும் குதிரையும் ஏற்றிவந்த கலம் உடைந்தால் நான்கில் ஒரு பங்கு அரச பண்டாரத்துக்கும் மூன்று பங்கு உடையவனுக்கும் சேரும்; ஏனைய சரக்குகளை ஏற்றிய கலம் உடைந்தால் இரு தரப்பும் சரிபாதியாகப் பகிரும். படைக்கு வேண்டிய விலங்குகளைக் கொண்டுவருவோனுக்குச் சலுகை மிகுதி என்பதே இவ்வேறுபாட்டின் பொருள். அதே நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்த திருவாலங்காட்டுச் சோழர் கல்வெட்டு, பராக்கிரமபாகு கப்பல் கட்டியும் படை திரட்டியும் வந்த இடங்களுள் ஊராத்துறையையும் குறிக்கிறது. கடலின் இரு கரை அரசுகளும் ஒரே துறையின் பெயரைக் கல்லில் வெட்டிவைத்தன என்பதிலிருந்து அத்துறையின் தகுதி விளங்கும்.

நயினாதீவு வேறொரு வகையிலும் கடலோடிகளை ஈர்த்தது. அங்குள்ள நாகபூசணி அம்மன் கோயில் சைவருக்கும், நாகதீப விகாரை பௌத்தருக்கும் யாத்திரைத் தலங்களாகும். மணிமேகலைக் காப்பியம் கூறும் மணிபல்லவம் இத்தீவே என்று கருதும் அறிஞரும் உளர்.

போர்த்துக்கேயர் 1619இல் யாழ்ப்பாண அரசைத் தமதாக்கியபின் ஊர்காவற்றுறைக்கும் காரைதீவுக்கும் இடையிலான நீர்வாயிலைக் காக்கக் கடலின் நடுவே ஒரு கோட்டையை எழுப்பினர். ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றி ஹமன்ஹீல் எனப் பெயரிட்டனர். வன்னிக் காடுகளில் பிடிக்கப்பட்ட யானைகள் ஆனையிறவு வழியாகக் குடாநாட்டுக்கு ஓட்டிவரப்பட்டு ஊர்காவற்றுறையில் கப்பலேறின. துணிக்குச் செந்நிறமூட்டும் சாயவேர், சங்கு, பனைமரம் ஆகியனவும் இத்துறை வழியே சென்றன. நிலத்தையும் அதன் உடைமையாளரையும் அவர்கள் இறுக்க வேண்டிய வரியையும் பதிந்த ஏடு தோம்பு எனப்பட்டது. போர்த்துக்கேயர் தொடங்கி ஒல்லாந்தர் விரிவாக்கிய அத்தோம்புகளே தீவக மக்களை எண்ணிப் பதிவதற்கு எடுக்கப்பட்ட முதல் முயற்சிகளுள் அடங்கும். எண்ணப்பட்டவன் ஊழியத்துக்கும் வரிக்கும் உரியவன் ஆகையால், பதிவேடு அக்காலக் குடியானவனுக்குச் சுமையாகவே வந்து சேர்ந்தது.

நெடுந்தீவின் கல்வேலி

தீவுகளுள் பெரியவற்றில் ஒன்றும் கரைக்கு மிகத் தொலைவானதுமான நெடுந்தீவு தனித்து நோக்கத் தக்கது. புங்குடுதீவின் மேற்கு முனையிலுள்ள குறிகட்டுவான் இறங்குதுறையிலிருந்து படகில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் கடந்தால் அதனை அடையலாம். மண் மெல்லியதாகவும் புல் மிகுந்தும் இருப்பதால் பயிரைவிடக் கால்நடையே அங்கு செழித்தது. போர்த்துக்கேயர் அதனைப் பசுக்களின் தீவு என்றே அழைத்தனர். ஐரோப்பியர் அங்கு குதிரை வளர்த்தனர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் நோலன் என்னும் ஆங்கில அதிகாரி அக்குதிரை வளர்ப்பை நடத்தினார். அக்குதிரைகளின் வழிவந்தவை கட்டாக்காலிகளாக இன்றும் தீவின் தென்பகுதி வெளிகளில் மேய்கின்றன. கடுங்கோடையில் நீரின்றி அவை மடிவதும் உண்டு.

நெடுந்தீவின் வளவு எல்லைகளில் கிடுகு வேலியோ ஓலை வேலியோ காணப்படுவது அரிது. கடலோரத்திலும் வெளியிலும் பொறுக்கிய பவளக்கற்களைச் சாந்தும் சுண்ணமும் இன்றி ஒன்றன்மேல் ஒன்றாக மார்பளவுக்கு அடுக்கி வேலி அமைப்பர். பெரிய கல் அடியிலும், அதன் இடைவெளியில் சிறுகல் ஆப்பாகவும் இடம்பெறும். காற்று அவ்விடுக்குகளால் ஊடுருவிச் செல்வதால் கச்சான் காற்றின் வேகத்திலும் வேலி சாய்வதில்லை. ஒரு கல் சரிந்தால் அவ்வழியே செல்பவர் அதனை எடுத்து மீண்டும் பொருத்துவது வழக்கம். ஆளில்லாத வளவுகளின் வேலி எங்கே தொடங்குகிறது என்பதைச் சரிந்த கற்களைக் கொண்டே இன்று அறியலாம்.

புறப்படுவோரும் திரும்புவோரும்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் தீவகத்தின் குடித்தொகை நன்னீரும் வயலும் தாங்கும் எல்லையை நெருங்கியிருந்தது. அவ்வேளையில் இரு வழிகள் திறந்தன. மிசன் பள்ளிகளும் சைவப் பள்ளிகளும் தந்த ஆங்கிலக் கல்வி எழுதுவினைஞர் உத்தியோகத்துக்கும் மலாயாவின் புகையிரதப் பகுதிக்கும் இளைஞரை அனுப்பியது. 1905இல் வடக்குப் புகையிரதப் பாதை நிறைவுபெற்றதும் கொழும்பு ஓரிரவுப் பயணத் தொலைவில் வந்தது. அப்பாதை ஊர்காவற்றுறையின் தோணிப் போக்குவரத்தைத் தளர்த்திற்று. ஆயினும் அதே பாதையால் காரைநகர், புங்குடுதீவு, வேலணை, நெடுந்தீவு ஆகிய ஊரார் தென்னிலங்கை நகரங்களில் கடை திறந்தனர். காகம் பறவாத இடத்துக்கும் காரைதீவார் போய்ச் சேர்வர் என்னும் கருத்துடைய சொலவடை இவ்வாணிகத்தின் பரப்பைக் காட்டும்.

இந்த வெளிச்செலவு ஓர் ஒழுங்கில் அமைந்திருந்தது. முதலாளியாகிவிட்ட சிறிய தகப்பனோ தாய்மாமனோ ஊரிலிருந்து பதின்ம வயதுப் பையனை அழைத்துக் கடையில் சேர்ப்பார். அவன் மூட்டை தூக்கி, படி அளந்து, கணக்கெழுதப் பழகி, சில ஆண்டுகளின்பின் பங்காளியாவான் அல்லது தனிக் கடை வைப்பான். மனைவியும் பிள்ளைகளும் ஊரிலேயே இருப்பர். கோயில் திருவிழாவுக்கும் பொங்கலுக்கும் அவன் ஊர் வருவான்; சேமித்த பணம் கல்வீடாகவும் கேணியாகவும் பள்ளிக் கட்டடமாகவும் கோயிற் கோபுரமாகவும் தாம்போதியாகவும் உருப்பெறும். தாம்போதி என்பது ஆழமற்ற கடலில் கல்லிட்டு உயர்த்திய சாலையாகும். யாழ்ப்பாண நகரை வேலணைத்தீவோடு பண்ணைப் பாலமும், வேலணைத்தீவைப் புங்குடுதீவோடு வாணர் பாலமும், காரைநகரைக் குடாநாட்டோடு பொன்னாலைப் பாலமும் இணைக்கின்றன. ஊர்காவற்றுறைக்கும் காரைநகருக்கும் இடையில் மட்டும் மக்களையும் வண்டிகளையும் ஏற்றிச் செல்லும் மிதவை இயங்குகிறது. தீவகத்தார் அதனைப் பாதை என்றே சொல்வர்.

தமிழ் ஆராய்ச்சியை உலகப் பரப்புக்குக் கொண்டுசென்ற சேவியர் தனிநாயகம் அடிகளார் 1913இல் பிறந்த கரம்பொன், ஊர்காவற்றுறையை அடுத்த ஊராகும். 1964இல் புதுடில்லியில் உலகத் தமிழாராய்ச்சி மன்றம் தோன்றவும் 1966இல் கோலாலம்பூரில் முதல் மாநாடு கூடவும் முன்னின்றவர் அவர். துறையூரில் பிறந்தவர் கடல்கடந்து தம் மொழிக்கு உறவு தேடினார் என்பது தீவக மரபுக்கு மாறானதன்று.

இவ்வாறு புறப்படுவதைப் பொருளாதாரமாகக் கொண்ட நாட்டுப்புறம் தீவகம் மட்டுமன்று. பிரான்சு நாடு 1790இல் எண்பத்து மூன்று நிருவாகப் பிரிவுகளாக வகுக்கப்பட்டபோது உருவான க்ரூஸ் என்னும் மாவட்டம் வளங்குன்றிய கருங்கல் மேட்டுநிலம். அங்கிருந்து கொத்தனார்கள் ஆண்டுதோறும் வசந்தத்தில் பாரிசுக்கு நடந்துசென்று கட்டட வேலை செய்து, குளிர்காலத்தில் ஊர் திரும்பினர். அவர்களுள் ஒருவரான மார்த்தன் நதோ பின்னர் நாடாளுமன்ற உறுப்பினராகி, அவ்வாழ்வை நூலாகவும் எழுதினார். புகையிரதம் வந்தபின் கொத்தனார்கள் குடும்பத்தோடு பாரிசிலேயே தங்கினர். 1851இல் 2,87,000 அளவில் இருந்த க்ரூஸின் மக்கள்தொகை இன்று 1,20,000க்கும் குறைவு. அங்கே திரும்பி வருகை ஒரு நூற்றாண்டுக் காலத்தில் மெல்ல மெல்லத் தேய்ந்தது. தீவகத்தில் அது சில ஆண்டுகளுக்குள் வெட்டுண்டது.

வெட்டுண்ட திரும்புகை

1958, 1977, 1983 ஆகிய ஆண்டுகளின் இன வன்முறைகளில் தென்னிலங்கையிலிருந்த தமிழர் கடைகள் எரிந்தன. ஒரு கடை எரிந்தபோது தீவகத்தில் ஒரு குடும்பத்தின் வருவாய் மட்டும் நிற்கவில்லை. அக்கடைக்குப் போகவிருந்த அடுத்த தலைமுறைப் பையனின் வழியும் அடைபட்டது. கடற்பயணமும் காவலற்றதாயிற்று. 1985 மே 15ஆம் நாள் நெடுந்தீவிலிருந்து சென்ற குமுதினிப் படகில் பெண்களும் குழந்தைகளும் உள்ளிட்ட பயணிகள் வெட்டிக் கொல்லப்பட்டனர். கடற்படையினரே அதனைச் செய்தனர் என்பது உயிர்தப்பியோரின் சாட்சியம்.

1990, 1991ஆம் ஆண்டுகளில் தீவகம் இராணுவத்தின் வசமானபோது மக்கள் பெருந்தொகையாக வலிகாமத்துக்கு இடம்பெயர்ந்தனர். அக்காலத்தில் காணாமற்போனோரின் குடும்பங்கள் இன்றும் பதிலை எதிர்பார்த்துள்ளன. வலிகாமமும் 1995 ஐப்பசியில் பெயர்ந்தபோது தீவகத்தார் இரண்டாம் முறை அகதியாயினர். வசதி படைத்தோர் கொழும்பு வழியாகக் கனடா, பிரான்சு, சுவிற்சர்லாந்து, இங்கிலாந்து ஆகிய நாடுகளை அடைந்தனர். ஆளற்ற ஊரின் வெறுமையைக் கவிதையாக்கிய சு. வில்வரத்தினமும் புங்குடுதீவில் பிறந்தவரே.

இம்மாற்றத்தை எண்ணால் அளப்பதிலும் ஓர் இடையூறு உண்டு. இலங்கையில் 1871 முதல் ஒழுங்காக நடந்துவந்த குடிசன மதிப்பீடு 1981க்குப் பின் தடைப்பட்டது; 2001இல் நடந்தது வடக்கில் முழுமை பெறவில்லை. எனவே மக்கள் வெளியேறிய முப்பதாண்டுகளுக்கும் இரு முனைகளில் மட்டுமே கணக்கு உண்டு. இன்றைய எல்லைக்குட்பட்ட யாழ்ப்பாண மாவட்டத்தில் 1981இல் 7,38,000க்கு மேற்பட்டோர் வாழ்ந்தனர். 2012இல் அத்தொகை 5,84,000 அளவில் நின்றது. அவ்வாண்டில் தீவகத்தின் நான்கு பிரிவுகளிலும் சேர்ந்து நாற்பதாயிரம் அளவினரும், அவர்களுள் நெடுந்தீவில் நாலாயிரத்தை அண்டியோருமே இருந்தனர். புங்குடுதீவின் உட்பகுதிகளில் கூரையிழந்த கல்வீடுகளின் நடுவே பூவரசும் ஆலும் வளர்ந்திருப்பதைக் காண்போருக்கு இவ்வெண்கள் விளக்கம் வேண்டா.

தீவகத்தில் இன்று நிலையாக வாழ்வோர் பெரும்பாலும் மீன்பிடியையும் கால்நடையையும் பனையையும் சிறு பயிரையும் நம்பிய குடும்பங்களும் முதியோருமாவர். வெளிநாட்டு ஊர்ச் சங்கங்கள் பள்ளிகளுக்கும் கோயில்களுக்கும் பணம் அனுப்புகின்றன. ஆனித் திருவிழாவில் நயினாதீவுக்கு வரும் படகுகளில் தொரன்ரோவிலும் பாரிசிலும் வளர்ந்த பிள்ளைகள் இறங்குகின்றனர். முன்னைய வெளிச்செலவில் ஆண் போனான், வீடு ஊரில் இருந்தது. இன்று வீடே வெளியே இருக்க, ஊருக்கு வருவது விருந்தாகிவிட்டது. பணம் வந்தும் குடித்தொகை வளராமைக்குக் காரணம் இதுவே.

ஆதலால் தீவகத்தின் மீட்சியைக் கோபுரங்களின் உயரத்தால் அளப்பது பொருந்தாது. கோடையிலும் உவர்க்காத ஒரு கிணறு, புயற்காலத்திலும் நோயாளியை ஏற்றிச் செல்லும் ஒரு படகு, நிரந்தரமாகத் தங்கும் ஒரு மருத்துவர், உயர்வகுப்புக்காக யாழ்ப்பாணத்துக்குப் பெயர வேண்டாத ஒரு பள்ளி ஆகியவை இருக்குமிடத்தில் இளங்குடும்பம் தங்கும். எண்ணூறு ஆண்டுகளுக்கு முன் ஊராத்துறையில் வந்திறங்கும் அந்நியனுக்கும் உடைந்த கலத்தின் பங்கை உறுதிசெய்து ஓர் அரசு கல்லில் எழுதிவைத்தது. தம் சொந்தத் துறையில் மீண்டு வந்து இறங்க விரும்பும் மக்களுக்கு அத்தகைய உறுதி இன்று அதனினும் கூடுதலாகவே உரியது.

அடுத்த அத்தியாயத்தில் குடாநாட்டின் தென்கிழக்கு வாயிலாகிய பச்சிலைப்பள்ளியும் ஆனையிறவு உப்பளமும் ஆராயப்படும்.